உம்மா சொன்ன சொல்

இத்தா,

இன்று காலை, நீங்கள் இருபத்திரண்டு வருடம் உட்கார்ந்து சுக்கு தரம்பிரித்த கிடங்குக்குள் போயிருந்தேன். இப்போது அது ஓவியக் கண்காட்சிக் கூடம். படங்களுக்குக் கீழே ஒட்டும் பெயர்ச்சீட்டுகளை என் கடையில்தான் அடித்தார்கள். கொடுக்கப் போனேன். சுவர் முழுக்க வெள்ளை, உத்தரத்திலிருந்து சின்னச் சின்ன விளக்குகள். ஆனால் இரண்டு நாள் மழையில் பின்சுவர் ஊறிப்போய், அந்தப் புது வெள்ளைக்கு அடியிலிருந்து சுக்கு நெடி கிளம்பி வந்துகொண்டிருந்தது. எனக்கு அடுத்தடுத்து நான்கு தும்மல். அங்கே பொறுப்பாக இருந்த பெண், "எத்தனை கோட் அடிச்சாலும் போகில்லா சேச்சி, மழை வந்தா இதே பிரச்னை" என்று மன்னிப்புக் கேட்பதுபோலச் சொன்னாள்.

எனக்கு அது உங்கள் வாசனை. தலையை மூடும் தட்டத்துக்கு மேல் தூசிக்காக ஒரு பச்சைத் துண்டைச் சுற்றியிருப்பீர்கள். என் கடை நாற்காலியில் உட்கார்ந்ததும் அதை அவிழ்த்து உதறுவீர்கள். "உள்ளே உதறாதீங்க இத்தா, பிரிண்டர் கெட்டுப்போவும்" என்பேன். சிரித்துக்கொண்டே இன்னொரு உதறு உதறுவீர்கள்.

திரும்பி வந்த பிறகு வேலை ஓடவில்லை. உங்களிடம் சொல்ல வேண்டியது நிறைய இருக்கிறது. நீங்கள் இருக்கும்போது சொல்லியிருக்க வேண்டியது. இன்று எழுதிவிடுகிறேன்.

நீங்கள் முதன்முதலில் என் கடைக்கு வந்தது ரேஷன் கார்டைப் படியெடுக்க. "ரெண்டு காப்பி மோளே, வேகம் எடுத்துத் தா. சாயா நேரம் முடிஞ்சா சூப்பர்வைசர் வாசல்லயே நிப்பான்." கார்டை விரித்தபோது உள்ளே மடித்திருந்த ஒரு மருந்துக்கடைச் சீட்டு கண்ணாடி மேல் விழுந்தது. அதன் பின்பக்கத்தில் பென்சிலால் மலையாளத்தில் ஏதோ எழுதியிருந்தது. நான் நாகர்கோவிலில் பிறந்து, கல்யாணமாகி மட்டாஞ்சேரிக்கு வந்து, பிழைப்புக்காக மலையாள எழுத்தும் தட்டச்சும் படித்தவள். கண்ணில் பட்டதை வாய்விட்டு வாசிப்பது என் வழக்கம். வாசித்தேன். இரண்டாவது வரியில் நாக்கு நின்றுவிட்டது. எழுத்து மலையாளம். என் வாயிலிருந்து வந்துகொண்டிருந்ததோ தமிழ்.

பகல் முச்சூடும் இஞ்சிக்கு விரல் ஒடிக்கிறேன்.
வீட்டுக்கு வந்து சோறு பிசையும்போ
என் விரல் எதுன்னு தெரியல்ல.

"இது யாரு எழுதினது இத்தா?"

"எந்தினா? தப்பா?"

"தப்பில்ல. தமிழால்லா இருக்கு."

"பேச்சு நம்மளது மோளே. எழுத்து இஸ்கூல்ல படிச்சது. ஏழாம் கிளாஸ் வரெ மலையாளம்தானே. தமிழ் எழுத்து எனிக்கு வெறும் கோலம்." சீட்டைப் பறித்து ரவிக்கைக்குள் செருகிக்கொண்டு போய்விட்டீர்கள். படி எடுத்த ரேஷன் கார்டை மறந்துவிட்டீர்கள். அதை வாங்க மறுநாள் வந்தபோது நான் விடவில்லை.

பிறகு ஒவ்வொன்றாகத் தெரியவந்தது. உங்கள் வாப்பாவின் குடும்பம் பாலக்காட்டுப் பக்கத்திலிருந்து மூட்டை தூக்க வந்த ராவுத்தர் குடும்பம். நீங்கள் பிறந்ததும் வளர்ந்ததும் இந்தச் சந்துகளில். வீட்டுக்குள் தமிழ், வாசலைத் தாண்டினால் மலையாளம். கணவர் திருப்பூணித்துறையில் இன்னொரு குடும்பம் வைத்துக்கொண்டு போனபோது உங்கள் மகள் சபீனாவுக்கு நாலு வயது. அதிலிருந்து கிடங்குதான். தரையில் கால் நீட்டி உட்கார்ந்து, மலைபோல் குவித்த சுக்கில் நல்லது, உடைந்தது, புழு விழுந்தது என்று பிரிக்க வேண்டும். கை பிரித்துக்கொண்டிருக்கும்போது மனசு வரிகளைப் பிரித்துக்கொண்டிருக்கும் என்றீர்கள். பக்கத்தில் உட்காரும் மேரி சேச்சிதான் முதலில் கேட்பவர். அவருக்குத் தமிழ் அரைகுறை. "புரியாத இடத்துல சேச்சி மூக்கைச் சுளிக்கும். அந்த இடத்தை நான் மாத்தமாட்டேன். புரிஞ்சு தலையாட்டுற இடத்தைத்தான் ரெண்டாம் வட்டம் பாப்பேன்" என்றீர்கள். நான் கல்லூரியில் தமிழ் இலக்கியம் படித்தவள். கவிதையைப் பற்றி அப்படியொரு பேச்சை அதற்கு முன் கேட்டதில்லை.

கல்லூரி நாட்களில் நானும் எழுதியிருந்தேன். ஒருநாள் வெட்கத்தோடு என் நோட்டை எடுத்து நாலைந்தை வாசித்துக் காட்டினேன். வானம், மௌனம், தனிமை. நீங்கள் மரியாதையாகக் கேட்டீர்கள். கடைசியில், "நல்ல சொல்லு எல்லாம். ஆனா இதுக்குள்ள ஆரு இருக்கா மோளே?" என்று கேட்டீர்கள். குத்த வேண்டும் என்று கேட்கவில்லை, உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்டீர்கள். அந்த நோட்டை நான் பிறகு திறக்கவில்லை. அந்தக் கேள்வி எனக்குள் எங்கே போய்த் தங்கியது, பின்னால் நான் செய்ததில் அதற்கு என்ன பங்கு என்று இப்போதும் யோசிக்கிறேன். முழுதாகத் தெரியவில்லை. பங்கில்லை என்று சொல்ல முடியவில்லை.

உங்கள் கவிதைகளைத் தமிழ் எழுத்தில் அடிக்கும் யோசனை என்னுடையது. மருந்துச்சீட்டு, லாட்டரிச் சீட்டு, சாக்கில் கட்டும் அட்டை, பழைய காலண்டர் தாள் என்று இரண்டு பிளாஸ்டிக் பையில் கொண்டுவந்து கொட்டினீர்கள். ஒரு மழைக்காலம் முழுக்க, மதியச் சாப்பாட்டு நேரத்தில், நீங்கள் வாசிக்க நான் அடித்தேன். அடிக்கும்போது உங்கள் சொற்கள் அப்படியேதான் இருந்தன. நீங்கள் போன பிறகுதான் என் வேலை தொடங்கும். "சாயா" என்று இருந்ததைத் "தேநீர்" ஆக்கினேன். "வெஷமம்" என்று நீங்கள் சொன்னது மனவேதனை. தமிழ்நாட்டில் படிப்பவர்கள் வேறாக எடுத்துக்கொள்வார்கள் என்று "துயரம்" ஆக்கினேன். "பேடி" அச்சம் ஆயிற்று. "கொதி" ஏக்கம் ஆயிற்று. "எங்கட" எங்கள் ஆயிற்று. ஒரு கவிதைக்கு நாலு சொல், ஐந்து சொல். உங்களுக்கு உதவி செய்கிறேன் என்றுதான் நினைத்தேன். அது பொய்யில்லை. கூடவே, மாற்றிய கவிதையைத் திரையில் பார்க்கும்போது அதில் எனக்கும் ஒரு இடம் கிடைத்ததுபோல ஒரு சந்தோஷம் இருந்தது. அதுவும் பொய்யில்லை.

ஒரே ஒரு கவிதையில் ஒரே ஒரு சொல்லைத் தொடாமல் விட்டேன். உங்கள் உம்மாவின் கடைசி நாளைப் பற்றியது.

கஞ்சிக் கரண்டி உம்மாட உதட்டுல தொட்டுச்சு.
உம்மா சொன்னா: மதி.
எங்கட வீட்டுல
வயிறுள்ள ஒருத்தரும் அதுவரெ
சொல்லாத சொல்லு.

மலையாளத்தில் "மதி" என்றால் போதும். பசியோடு பிறந்து பசியோடு வளர்ந்த ஒரு வீட்டில் முதல்முறையாக ஒருத்தி போதும் என்கிறாள், அதுவும் சாகும்போது. "போதும்" என்று மாற்றலாமா என்று யோசித்தேன். உம்மா வாயால் சொன்ன சொல்லாயிற்றே என்று விட்டுவைத்தேன்.

சென்னையில் சிறிய பதிப்பகம் நடத்தும் ஒருவருக்கு அனுப்பினேன். பத்தே நாளில் தொலைபேசியில் அழைத்தார். "யாரு மேடம் இவங்க? உங்க கை பட்டதுல மொழி எவ்வளவு சுத்தமா வந்திருக்கு தெரியுமா" என்றார். அந்த ஒரு வாக்கியத்தை நான் எத்தனை நாள் மனதில் வைத்து ருசித்தேன் என்று உங்களுக்குத் தெரியாது. பிறகு சொன்னார்: "அந்த அம்மா கவிதைதான் மொத்த தொகுப்புக்கும் உயிர். கடைசி நேரத்துல ஜன்னல் வழியா மதியைப் பாக்கறாங்க. என்ன ஒரு காட்சி! ஆனா மதிங்கிறது கொஞ்சம் பழைய வழக்கு. நிலான்னே வச்சிடலாமா?"

தமிழில் மதி என்றால் நிலா. அவருக்கு மலையாளம் தெரியாது. அவர்மேல் தவறில்லை. நான் அந்த நொடியில் வாயைத் திறந்து, "ஐயா, அது நிலா இல்லை, போதும்" என்று சொல்லியிருந்தால் முடிந்தது. இரண்டு நொடிப் பேச்சு. அவர் குரலில் இருந்த பரவசம் அணைந்துவிடுமோ என்று பயந்தேன். இந்தக் கவிதைக்காகத்தான் புத்தகம் என்கிறார், இது இல்லையென்றால் புத்தகமும் இல்லையென்றாகிவிட்டால்? நான் "ம்" என்றேன். "அப்போ அந்த வயிறுங்கிற வரி இடிக்குது, எடுத்துடறேன்" என்றார். அதற்கும் "ம்" என்றேன்.

புத்தகம் வந்தது. அட்டையில் உங்கள் பெயர். உள்ளே சின்ன எழுத்தில், தொகுத்துத் தமிழ் எழுத்தில் தந்தவர் என்று என் பெயர். நீங்கள் புத்தகத்தை முகர்ந்து பார்த்தீர்கள். பக்கங்களைப் புரட்டி, "என் பேரு எது, காட்டு" என்றீர்கள். காட்டினேன். விரலால் அதன் மேல் தடவினீர்கள். அந்த விரலைப் பார்த்துக்கொண்டு நான் எப்படி நின்றேனோ.

எர்ணாகுளத்தில் பிராட்வே பக்கம் ஒரு மாடிக் கூடத்தில் வெளியீடு வைத்தார்கள். நீங்கள் முன்வரிசையில், ஒரு பக்கம் சபீனா, மறுபக்கம் மேரி சேச்சி. மேரி சேச்சி பட்டுப்புடவை கட்டியிருந்தார். தமிழ்நாட்டிலிருந்து வந்த ஒரு பெண் மேடையேறி, அழகான குரலில், நிறுத்தி நிறுத்தி வாசித்தாள். "உம்மா சொன்னாள்: நிலா. எங்கள் வீட்டில் யாரும் அதுவரை சொல்லாத சொல்." கூடமே கை தட்டியது. யாரோ கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். நான் உங்கள் முகத்தைப் பார்த்தேன். நீங்கள் கை தட்டவில்லை. கூப்பிட்டதும் மேடைக்குப் போனீர்கள். ஒலிபெருக்கியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, "எனிக்குப் பேச அறியில்ல. எல்லாருக்கும் நன்னி" என்று மட்டும் சொல்லிவிட்டு இறங்கினீர்கள்.

படகில் திரும்பும்போது கேட்டீர்கள். "மோளே, நிலா எவிடேருந்து வந்தது?"

"எந்த நிலா இத்தா?"

"உம்மா சொன்ன நிலா."

"அச்சுப்பிழை இத்தா. அங்க அடிக்கிறவங்க கவனிக்காம விட்டுட்டாங்க."

நீங்கள் தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள். பிறகு கோபமே இல்லாமல் கேட்டீர்கள், "பிழைக்கா அத்தனை பேரும் கை தட்டினாங்க?"

மேரி சேச்சி, "எந்தா காரியம்?" என்று முன்னால் குனிந்தார். "ஒண்ணுமில்ல சேச்சி, புஸ்தகத்துல ஒரு சின்னப் பிழை" என்றீர்கள். என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை. மட்டாஞ்சேரித் துறையில் இறங்கும்போது மட்டும், எனக்கென்று இல்லாமல் பொதுவாகச் சொல்வதுபோலச் சொன்னீர்கள்: "உம்மா கிடந்த அறைக்கு ஜன்னலே இல்லல்லோ."

அதற்குப் பிறகு நீங்கள் என் கடைப் படி ஏறவில்லை. எதிர்ப்பட்டால் "சுகமா மோளே?" என்று கேட்டுவிட்டு நடந்துவிடுவீர்கள். சண்டை போட்டிருந்தால் நானும் ஏதாவது சொல்லியிருப்பேன். நீங்கள் அந்த வழியைக் கொடுக்கவில்லை. நானும் தேடவில்லை. புத்தகத்தைப் பற்றிப் பத்திரிகைகளில் எழுதினார்கள். எல்லோரும் நிலாவைத்தான் எழுதினார்கள்.

ஒரு வருடம் கழித்து மேரி சேச்சி கடை வாசலில் வந்து நின்றார். "நெஞ்சு முழுக்க பொடி ஆணு. ஆஸ்பத்திரியில கிடக்குது. நீ போய்க் காணணும்" என்றார். மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. வந்தேன்.

சாய்ந்து உட்கார்ந்திருந்தீர்கள். படுத்தால் மூச்சு வரவில்லை. மூக்கில் குழாய். தலையணைக்குப் பக்கத்தில் ஒன்றாம் வகுப்புத் தமிழ்ப் பாடப்புத்தகம் ஒன்று கிடந்தது. அம்மா, ஆடு, இலை. சபீனாவிடம் சொல்லி வாங்கிவரச் செய்திருந்தீர்கள். ஆறு மாதமாக எழுத்துக்கூட்டிப் படித்திருக்கிறீர்கள். அதற்கு அடியிலிருந்து நம் புத்தகத்தை எடுத்து என் மடியில் வைத்தீர்கள். பிரித்தேன். பக்கத்துக்குப் பக்கம் பென்சில் வட்டங்கள். தேநீர், துயரம், அச்சம், ஏக்கம். நான் வைத்த ஒரு சொல்லையும் விடாமல் கண்டுபிடித்து வட்டம் போட்டிருந்தீர்கள். நிலாவுக்கு மட்டும் இரண்டு வட்டம்.

"இதெல்லாம் என்னுதல்ல" என்றீர்கள்.

"நாந்தான் இத்தா. அச்சுப்பிழை இல்ல. எல்லாம் நாந்தான்."

"அறியாம் மோளே, எல்லாம் தெரியும்." மூச்சு வாங்கிவிட்டுத் தொடர்ந்தீர்கள். "எங்கட கோடௌன்ல நல்ல சுக்கைச் சுண்ணாம்புத் தண்ணியில முக்குவாங்க. வெளுப்பா இருந்தாத்தான் வெளியூருக்குக் கேறிப்போகும். முக்கினா மண்ணு போவும். மண்ணு கூட எரிப்பும் கொஞ்சம் போவும். நீ என்னெ முக்கிட்டே."

நான் அழுதேன். நீங்கள் என் கையைப் பிடிக்கவில்லை. விலக்கவும் இல்லை. "பொறுத்துக்கோங்க இத்தா" என்றேன்.

"அதுக்கெல்லாம் எனிக்கு மூச்சு இல்ல. பழையபடி ஆக்கு. திருத்துன்னு சொல்லமாட்டேன், அந்தச் சொல்லு எனிக்குப் பேடி. பழையபடி ஆக்கு."

ஆக்குகிறேன் என்றேன். பன்னிரண்டு நாளில் நீங்கள் போய்விட்டீர்கள். பள்ளிவாசலுக்கு எடுத்துப் போகும்போது சந்து முனையில் நின்றேன். மேரி சேச்சி என் பக்கத்தில் நின்று ஜெபமாலை உருட்டிக்கொண்டிருந்தார். கிடங்குக்காரர்கள் அரைநாள் கதவை மூடினார்கள்.

இத்தா, நான் ஆக்கவில்லை. மூன்று வருடம் ஆக்கவில்லை. இன்று எழுதுவதெல்லாம் இதைச் சொல்லத்தான். புத்தகம் இரண்டாம் முறை அச்சாயிற்று. என்னை எங்கெங்கோ பேசக் கூப்பிட்டார்கள். சபீனா வெளியூர் போகமாட்டாள் என்பதால் உங்களுக்குப் பதிலாக நான் போனேன். உங்கள் விரலைப் பற்றிப் பேசினேன், கிடங்கைப் பற்றிப் பேசினேன், வட்டங்களைப் பற்றி மட்டும் பேசவில்லை. ஒருமுறை மதுரையிலிருந்து கணவனும் மனைவியுமாக இரண்டு வாசகர்கள் என் கடைக்கு வந்தார்கள். அந்தம்மா நிலா பார்த்த ஜன்னலைப் பார்க்க வேண்டும் என்றார்கள். நான் அவர்களை அழைத்துப்போய், நம் சந்தில் யாரோ ஒருவர் வீட்டு மாடி ஜன்னலைக் காட்டினேன். அவர்கள் அதைப் படமெடுத்துக்கொண்டார்கள். அந்தப் பெண் கைகூப்பினாள். அப்போதும் யாரிடமும் சொல்லவில்லை. பொய்யை விடமுடியாமல் போவதற்குப் பெரிய காரணமெல்லாம் வேண்டாம் போலிருக்கிறது. இன்றைக்கு வேண்டாம் என்று ஒவ்வொரு நாளும் நினைத்தாலே போதுமாக இருக்கிறது.

போன மார்கழியில் தமிழ்நாட்டுக் கல்லூரி ஒன்றிலிருந்து ஒரு பேராசிரியை அழைத்தார். முதலாண்டுப் பாடநூலில் அந்தக் கவிதையைச் சேர்க்கப்போகிறார்கள். வாரிசின் கையெழுத்தும் என் கையெழுத்தும் வேண்டும். "நான் மூணு வருசமா வகுப்புல இதைச் சொல்லிக்கொடுக்கிறேன். அந்த நிலா வர்ற இடத்துல பிள்ளைங்க அப்படியே அமைதியாயிருவாங்க" என்றார். இனி ஒவ்வொரு வருடமும் நூற்றுக்கணக்கான பிள்ளைகள் அதைத் தேர்வில் எழுதுவார்கள் என்று தோன்றியது. கவிஞரின் தாய் கண்ட நிலாவின் உட்பொருளை விளக்குக.

"அதுல நிலா இல்ல மேடம்" என்றேன். முழுவதும் சொன்னேன்.

"அவங்களுக்கு இது தெரியுமா?"

"தெரியும். தமிழ் எழுத்துப் படிச்சுத் தெரிஞ்சுகிட்டாங்க."

"நீங்க இப்பதான் சொல்றீங்க."

"ஆமா. இப்பதான் சொல்றேன்."

மூல வடிவத்தை வாசிக்கச் சொன்னார். வாசித்தேன். "இதுதான் பெரிய கவிதை" என்று மெல்லச் சொன்னார். ஆனால் ஒரு வாரம் கழித்து, புத்தகத்தில் அச்சான வடிவம் ஒன்று, மூலம் ஒன்று என்று குழப்பம் இருப்பதால் குழுவில் வேண்டாம் என்று முடிவுசெய்துவிட்டார்கள் என்று சொன்னார். வேறொருவருடைய கவிதையைப் போட்டார்கள்.

பதிப்பாளரையும் அழைத்துச் சொன்னேன். அவர் கத்துவார் என்று எதிர்பார்த்தேன். "அப்பவே ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நான் மாத்தியிருப்பேனே மேடம்" என்றார். "போதும்னு தெரிஞ்சிருந்தா எனக்கு இன்னும் பிடிச்சிருக்குமே. என்னை ஏன் இப்படி ஆக்கினீங்க?" எனக்கு அந்த இரண்டு நொடி ஞாபகம் வந்தது. நான் பயந்த மனிதர் அங்கே இருக்கவே இல்லை. புத்தகம் நின்றுபோகும் என்பதும் நானாக உண்டாக்கிக்கொண்டது.

இவர்களிடம் சொன்னது சுலபம். உங்கள் மகளிடம் போனதுதான் கஷ்டம். சபீனா பிராட்வேயில் ஒரு துணிக்கடையில் வேலை பார்க்கிறாள். மதியம் அவள் வெளியே வரும்வரை காத்திருந்து, நடைபாதையில் வைத்தே சொன்னேன். அவளுக்கு நீங்கள் படகில் கேட்டது நினைவிருந்தது. வட்டங்களும் தெரியும். கல்லூரிப் புத்தகத்தில் வருவதாக இருந்தது என்பதும், என்னால் போய்விட்டது என்பதும்தான் புதிது. அவள் முகம் சிவந்தது.

"உம்மா இருக்கும்போ பொய் சொன்னீங்க. உம்மா போன பின்னே சத்தியம் சொன்னீங்க. ரெண்டுலயும் நஷ்டம் உம்மாவுக்குத்தானே? உம்மாட பேரு பாடப்புஸ்தகத்துல வந்திருக்கும். நான் என் பிள்ளைக்குக் காட்டியிருப்பேன். உங்களுக்கு மனசு லேசாச்சு. எங்களுக்கு எந்தா கிட்டியது?"

அவள் சொன்னதில் ஒரு சொல்லும் பிழையில்லை. மனசு லேசாகவும் இல்லை என்று சொல்ல வாய் வந்தது, அதைச் சொல்ல எனக்கு என்ன உரிமை என்று நின்றுவிட்டேன். அவள் சாப்பிடாமலே கடைக்குள் திரும்பிப் போனாள்.

பதிப்பாளர் ஒரு மாதம் கழித்து எழுதினார். பழைய பிரதிகளை நிறுத்திவிட்டாராம். எல்லாக் கவிதைகளையும் நீங்கள் எழுதியபடியே அனுப்பினால் புதிதாகக் கொண்டுவருகிறேன், முன்னுரையில் நடந்ததை நானே எழுத வேண்டும் என்றார். அந்தக் கடிதத்தைச் சபீனாவுக்குப் படமெடுத்து அனுப்பினேன். பதில் இல்லை. பிறகு, போன மாதம் ஒரு வியாழக்கிழமை, கடைக்கு விடுமுறை எடுத்துக்கொண்டு ஒரு அரிசிப் பையோடு வந்தாள். உள்ளே உங்கள் சீட்டுகள் எல்லாம். கூடவே நான் பார்த்தேயிராத இரண்டு நோட்டுகள். என்னிடம் வருவதை நிறுத்திய பிறகு நீங்கள் எழுதியவை. நான் உங்களை நிறுத்திவிட்டேன் என்றல்லவா நினைத்திருந்தேன். நீங்கள் நிற்கவில்லை. என்னிடம் சொல்லாமல் இருந்திருக்கிறீர்கள், அவ்வளவுதான். அதைப் பார்த்ததும் வந்த நிம்மதியும் வெட்கமும் ஒன்றாகவே வந்தன.

"நான் வாசிப்பேன். நீங்க அடிக்கணும்" என்றாள் சபீனா. "ஒரு சொல்லு மாறினா நான் எழுந்து போயிருவேன்."

அன்றிலிருந்து வாரம் ஒருநாள் வருகிறாள். தண்ணீர் கொடுத்தால் குடிப்பாள். சாயா வேண்டாம் என்பாள். அதிகம் பேசமாட்டாள். அவள் வாசிக்கும்போது சில இடத்தில் குரல் அப்படியே உங்களுடையது. வரி முடிவில் ஒரு மூச்சு இழுத்துவிட்டு அடுத்த வரிக்குப் போவாள். "வெஷமம்" என்று அவள் வாசிக்கும்போது என் விரல் இப்போதும் ஒரு கணம் தயங்குகிறது. அவள் தலையைத் தூக்கி என்னைப் பார்ப்பாள். நான் வெஷமம் என்று அடிப்பேன். அவள் எழுந்து வந்து திரையைப் பார்ப்பாள். அவளுக்கும் தமிழ் எழுத்து தெரியாது. இருந்தும் பார்ப்பாள். பிறகு உட்காருவாள்.

போன வாரம் இரண்டாவது நோட்டில் ஒரு கவிதை வந்தது. சின்னது.

மோள் உறங்குது.
நெத்தியில ஒரு நொவணை.
தொட்டா போயிரும்.

சபீனா நிறுத்தினாள். "நொவணையா?" என்று தனக்குத்தானே கேட்டாள். என்னிடம் நோட்டைத் திருப்பினாள். நானும் பார்த்தேன். எழுத்தில் சந்தேகமில்லை, அழுத்தமாக எழுதியிருந்தீர்கள். எனக்கு அந்தச் சொல் தெரியாது. மலையாளத்திலும் நான் கேட்டதில்லை, நாகர்கோவிலிலும் கேட்டதில்லை. அவள் தன் அத்தை ஒருத்திக்கு அங்கிருந்தே போன் போட்டாள். அவருக்குத் தெரியவில்லை. மேரி சேச்சியின் வீட்டுக்கு நடந்துபோய்க் கேட்டோம். மேரி சேச்சி கண்ணை மூடி யோசித்து, மூக்கைச் சுளித்து, "கேட்டிட்டில்லா மோளே" என்றார். உங்கள் உம்மா சொன்னதாக இருக்குமா, பாலக்காட்டுச் சொல்லா, நீங்களே உண்டாக்கியதா, சொல்ல இனி யாரும் இல்லை.

திரும்பி வந்து உட்கார்ந்தோம். சபீனா தன் நெற்றியை விரலால் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். "என் நெத்தியில எந்தா இருந்துச்சுன்னு இனி ஆருக்கும் அறியாதே" என்றாள். அவள் குரல் முதல்முறையாக என்னிடம் இளகியிருந்தது.

என் விரல்கள் விசைகளின் மேல் இருந்தன. வியர்வை என்று வைக்கலாம், ஒளி என்று வைக்கலாம், சுருக்கம், நிழல், மினுக்கு. எத்தனை சொற்கள் வந்து வரிசையாக நின்றன தெரியுமா இத்தா. ஒவ்வொன்றும் பொருத்தமாகத்தான் இருந்தது. ஒவ்வொன்றையும் படித்தவர்கள் அழகு என்றுதான் சொல்வார்கள்.

நொவணை என்று அடித்தேன். கீழே குறிப்பு எதுவும் போடவில்லை. சபீனா எழுந்துவந்து திரையைப் பார்த்தாள். எந்த இடம் என்று கேட்டாள். காட்டினேன்.

"அடுத்த வரி வாசி" என்றேன்.